மக்னீசானா, அசோ வயலட்டா? சாக் ஹில்ஸ் கல்லுக்கு நீலம் வரவில்லை

ஓமலூர் லேப் எழுதியது:

வணக்கம். பிளஸ் டூ பிராக்டிகலுக்கும் பள்ளிக் கண்காட்சிக்கும் சேர்த்து, சேலம் சாக் ஹில்ஸ் மலையின் வெள்ளைக்கல்லில் மக்னீசியம் இருப்பதை நிறச் சோதனையில் காட்ட வேண்டும். நோட்டில் இருப்பது ஒரே வரி: "மக்னீசான் ரீஏஜென்ட், பிறகு காஸ்டிக் சோடா, நீல வீழ்படிவு." பீரோவில் மூன்று பாட்டில்கள் இருக்கின்றன. ஒன்றின் மேல் அசோ வயலட், ஒன்றின் மேல் மக்னீசான் 2, மற்றதில் டைட்டன் யெல்லோ. வெறும் மக்னீசான் என்ற பெயரில் எதுவுமே இல்லை.

அசோ வயலட்டை ஒரு சிட்டிகை எடுத்து காஸ்டிக் சோடா கரைசலில் கரைத்துப் பார்த்தாயிற்று. கல்லை அமிலத்தில் கரைத்த கரைசலோடு சேர்த்தால் தயிர் மாதிரி வெள்ளையாகத் திரளுகிறது, நீலம் பிடிக்கவே இல்லை. கல் சேராத வெறும் தண்ணீர் வைத்த சோதனைக் குழாயிலோ நல்ல நீலம்! தண்ணீர் போர்வெல் தண்ணீர். எந்த பாட்டில் சரி, எங்கே தப்பு நடக்கிறது என்று சொல்லுங்கள்.

குழித்தட்டு:

முதலில் பாட்டில் விஷயம். அசோ வயலட்தான் மக்னீசான். இன்னும் சரியாகச் சொன்னால் மக்னீசான் 1. இரண்டு பெயரும் ஒரே தூளுக்கு. பாரா-நைட்ரோபென்சீன்-அசோ-ரெசார்சினால் என்று போட்டிருந்தாலும் அதேதான். இந்த நீளமான பெயரைப் பார்த்துப் பயப்பட வேண்டாம், செய்முறையே அதற்குள் இருக்கிறது: பாரா-நைட்ரோ அனிலீனை 5 டிகிரிக்குக் கீழே வைத்து டயசோ உப்பாக்கி, ரெசார்சினாலோடு இணைத்தால் இது கிடைக்கும். இரண்டையும் கோர்க்கும் நைட்ரஜன் ஜோடிதான் நடுவில் இருக்கும் "அசோ". நைட்ரஜனுக்குப் பிரெஞ்சில் அசோட் என்று பெயர், அதிலிருந்து வந்தது.

மக்னீசான் என்பது வேலையைச் சொல்லும் பெயர். அலுமினியத்துக்கு அலுமினான், தாமிரத்துக்குக் குப்ரான், துத்தநாகத்துக்கு ஜிங்கான். எந்த உலோகத்தைக் காட்டுமோ அதன் பெயரோடு ஒரு "ஆன்" ஒட்டிக்கொள்ளும். அசோ வயலட் என்பது நிறத்தைச் சொல்லும் பெயர். சாயப் பட்டியலில் தேடுகிறவர் ஒரு பெயரில் தேடுவார், பண்பறி பகுப்பாய்வுக்காரர் வேறு பெயரில் தேடுவார். கடைக்காரர் தன் பட்டியலில் எது இருக்கிறதோ அதை அச்சிடுவார்.

மக்னீசான் 2 வேறு சேர்மம். ரெசார்சினால் இருந்த இடத்தில் ஆல்பா-நாப்தால் இருக்கும். சோதனை முறை அதேதான், நிறமும் நீலம்தான், இன்னும் குறைந்த மக்னீசியத்தையும் காட்டும். உங்களிடம் இரண்டும் இருப்பதால் எதை வேண்டுமானாலும் எடுக்கலாம். ஒன்றோடொன்று கலக்க மட்டும் வேண்டாம்.

பெயரை நம்பி வாங்காதீர்கள், சி.ஏ.எஸ். எண்ணைக் கேளுங்கள், ஒவ்வொரு வேதிப்பொருளுக்கும் தனியாகக் கொடுத்திருக்கும் அடையாள எண் அது. மக்னீசான் 1 என்றால் 74-39-5. மக்னீசான் 2 என்றால் 5290-62-0. டைட்டன் யெல்லோ 1829-00-1. மக்னீசான் கேட்டால் மேகான் கொடுத்துவிடும் கடை உண்டு. அது சைலிடில் ப்ளூ, ரத்தத்தில் மக்னீசியம் அளக்கும் ரீஏஜென்ட். அதை வைத்து உங்கள் நோட்டிலுள்ள சோதனையைச் செய்ய முடியாது.

லேபிள் பாதி அழிந்திருந்தால் எண்ணைச் சரிபார்க்க வழி இருக்கிறது. கடைசி இலக்கம் சரிபார்ப்பு இலக்கம். 74-39-5-ல் கடைசி 5-ஐ விட்டுவிட்டு வலமிருந்து இடமாகப் போங்கள்: 9×1, 3×2, 4×3, 7×4. கூட்டினால் 55. அதன் கடைசி இலக்கம் 5, பொருந்துகிறது. ஓர் இலக்கத்தைத் தப்பாகப் படித்திருந்தால் பெரும்பாலும் இந்தக் கணக்கு காட்டிக்கொடுத்துவிடும்.

கருப்பூர் கெமிஸ்ட்:

மேலே பெயர் விஷயம் தெளிவாக வந்துவிட்டது. நான் செய்முறைக்கு வருகிறேன். உங்கள் இரண்டு சிக்கலுக்கும் காரணம் வெவ்வேறு.

வெறும் தண்ணீரில் நீலம் வந்ததற்குக் காரணம் போர்வெல் தண்ணீர். கடினத்தன்மை என்று நாம் சொல்வதில் ஒரு பங்கு மக்னீசியம். இந்தச் சோதனை ஒரு சொட்டில் அரை மைக்ரோகிராம் மக்னீசியம் இருந்தாலே காட்டும் என்பதால் போர்வெல் தண்ணீர் தாராளமாக நீலம் கொடுக்கும். கேன் தண்ணீரும் ஆகாது, அதிலும் தாது உப்பு மிச்சம் இருக்கும். காய்ச்சி வடித்த நீர்தான் வேண்டும். குழித்தட்டு (சொட்டுச் சோதனைக்கான சிறு குழிகள் உள்ள தட்டு), டிராப்பர், புனல் எல்லாவற்றையும் கடைசியாக ஒருமுறை அதே நீரில் அலசிவிடுங்கள்.

கல் கரைசலில் தயிர் மாதிரி வந்ததற்குக் காரணம் மக்னீசியம் அளவுக்கு மீறி இருப்பதுதான். உங்கள் வெள்ளைக்கல் மாக்னசைட், அதாவது மக்னீசியம் கார்பனேட். சுத்தமான மாக்னசைட்டில் எடையில் 28.8 சதவீதம் மக்னீசியம். 0.1 கிராம் கல்லை 5 மி.லி. அமிலத்தில் கரைத்தால் ஒரு மி.லி.யில் சுமார் 5.8 மில்லிகிராம் இருக்கும். ஒரு சொட்டில் கிட்டத்தட்ட 290 மைக்ரோகிராம். ரீஏஜென்டில் இருக்கும் சாயமோ மிகக் கொஞ்சம். அவ்வளவு மக்னீசியம் ஹைட்ராக்சைடு ஒரேயடியாகத் திரண்டால் சாயம் எல்லா இடத்துக்கும் பரவி வெளுத்துப்போகும். கல்லில் மக்னீசியம் இல்லாததால் அல்ல, ஏராளமாக இருப்பதால்தான் நீலம் வரவில்லை.

ரீஏஜென்ட் இப்படித் தயாரியுங்கள். தேவையான செறிவு 0.001 சதவீதம். அதற்கு 1 மில்லிகிராம் நிறுக்க வேண்டும், பள்ளித் தராசில் அது நடக்காது. அதனால் இரண்டு கட்டம். 4 கிராம் காஸ்டிக் சோடாவைக் கரைத்து 100 மி.லி. ஆக்கி, அதில் 0.1 கிராம் அசோ வயலட்டைக் கரைத்து வையுங்கள், இது இருப்புக் கரைசல். வேறு பீக்கரில் 8 கிராம் காஸ்டிக் சோடாவைக் கரைத்து 100 மி.லி. ஆக்குங்கள், 2 மோலார். இருப்புக் கரைசலில் 1 மி.லி. எடுத்து, இந்த 2 மோலார் கரைசலை ஊற்றி 100 மி.லி. ஆக்கினால் ரீஏஜென்ட் தயார். காஸ்டிக் சோடா வில்லைகளைத் தண்ணீரில் கொஞ்சம் கொஞ்சமாகப் போடுங்கள், நன்றாகச் சூடேறும். கண்ணாடி போட்டுக்கொண்டு செய்யுங்கள். பிளாஸ்டிக் பாட்டிலில் வையுங்கள். கண்ணாடி பாட்டிலும் கண்ணாடி மூடியும் என்றால் சில வாரத்தில் மூடி இறுகி ஒட்டிக்கொள்ளும்.

கல்லை மாவாக அரைத்து 0.1 கிராம் எடுத்து, 2 மோலார் ஹைட்ரோகுளோரிக் அமிலம் 5 மி.லி. ஊற்றி இளஞ்சூட்டில் வையுங்கள். குளிர்ந்த அமிலத்தில் மாக்னசைட் சோம்பலாகத்தான் பொங்கும், சூடு காட்டினால்தான் வேகம் பிடிக்கும். அமிலம் பட்டவுடனே நுரைத்துப் பொங்கினால் அது சுண்ணாம்புக்கல்லாக இருக்கலாம். சங்ககிரிப் பக்கத்துக் கல்லையும் இதையும் பிரிக்க இதுவே முதல் அடையாளம். கரையாமல் நிற்பதை வடிகட்டிவிட்டு, தெளிந்ததில் 1 மி.லி. எடுத்து காய்ச்சி வடித்த நீரால் 100 மி.லி. ஆக்குங்கள். இப்போது ஒரு சொட்டில் சுமார் 3 மைக்ரோகிராம் மக்னீசியம் இருக்கும். சோதனைக்கு அளவான அளவு.

வெள்ளைக் குழித்தட்டில் மூன்று குழி. முதலாவதில் காய்ச்சி வடித்த நீர் ஒரு சொட்டு. இரண்டாவதில், 100 மி.லி.யில் 0.1 கிராம் எப்சம் உப்பு (மக்னீசியம் சல்ஃபேட்) கரைத்த கரைசல் ஒரு சொட்டு. மூன்றாவதில் உங்கள் கல் கரைசல் ஒரு சொட்டு. மூன்றிலும் ரீஏஜென்ட் இரண்டிரண்டு சொட்டு விட்டு, ஐந்து நிமிடம் பொறுங்கள்.

முதல் குழி கத்தரிப்பூ நிறத்திலேயே நிற்க வேண்டும். மற்ற இரண்டும் சங்குப்பூ நீலத்துக்கு மாறி, மெல்லிய நீலத் துகள் அடியில் இறங்கும். கத்தரிப்பூவையும் சங்குப்பூவையும் தனித்தனியாகப் பார்த்தால் யாருக்கும் குழப்பம் வரும், பக்கத்தில் பக்கத்தில் வைத்தால்தான் கண் பிரிக்கும். அதனால் முதல் குழி இல்லாமல் இந்தச் சோதனையைச் செய்யவே கூடாது. நோட்டில் அந்த ஒரு வரி விட்டுப்போனது பெரிய குறை.

முதல் குழி கத்தரிப்பூ நிறமே வராமல் மஞ்சளாகவோ ஆரஞ்சாகவோ நின்றால் காரம் போதவில்லை என்று அர்த்தம். இந்தச் சாயம் பி.எச். 11-க்குக் கீழே மஞ்சள், 13-க்கு மேலேதான் ஊதா. பாட்டில் மூடி திறந்தே கிடந்து காற்றிலுள்ள கரியமில வாயுவை இழுத்த பழைய காஸ்டிக் சோடா என்றால் இப்படி ஆகும்.

ஓமலூர் லேப்:

மிக்க நன்றிங்க. நீங்கள் சொன்னபடி செய்ததில் எப்சம் உப்புக் குழி அருமையாக நீலமானது. வெள்ளையாக இருக்கும் கல்லும் சரி. ஆனால் பச்சை கலந்த கருங்கல் ஒட்டிக்கொண்டிருக்கும் துண்டு ஒன்று இருக்கிறது. அதைக் கரைத்தால் கரைசலே மஞ்சளாக இருக்கிறது, ரீஏஜென்ட் விட்டால் அழுக்குப் பழுப்பு. இதற்கு என்ன செய்வது? டைட்டன் யெல்லோவில் செய்தால் சரியாகுமா?

சேர்வராயன் அடிவாரம்:

அந்தப் பச்சைக் கல் டியூனைட் என்ற பாறை வகை. அதன் வெடிப்புகளில்தான் மாக்னசைட் வெள்ளை நரம்பாக ஓடுகிறது. அதிலும் மக்னீசியம் உண்டு, சிலிக்கேட்டாக. கூடவே இரும்பும் கொஞ்சம் நிக்கலும். மஞ்சள் நிறம் இரும்பால் வருகிறது, பழுப்பு அதன் ஹைட்ராக்சைடு. டைட்டன் யெல்லோவுக்கு மாறினாலும் இந்தப் பழுப்பு போகாது. இரும்பை முதலில் எடுத்தாக வேண்டும்.

நீர்த்த கரைசலில் வேண்டாம், வடிகட்டிய முதல் கரைசலிலேயே செய்யுங்கள். இரண்டு சொட்டு அடர் நைட்ரிக் அமிலம் விட்டுக் கொதிக்கவிட்டால் இரும்பு முழுக்க ஃபெரிக் ஆகும். பிறகு அம்மோனியம் குளோரைடு அரை கிராம் போட்டு, வாடை நன்றாக எழும்வரை அம்மோனியா கரைசல் சேருங்கள். இரும்பு பழுப்பாக விழும், மக்னீசியம் கரைசலிலேயே தங்கும். வடிகட்டி விடுங்கள்.

இங்கேதான் பலர் தவறுவது. அந்த வடிநீரில் நேராக மக்னீசான் விட்டால் நீலம் வராது. அம்மோனியம் உப்பு நிறைய இருந்தால், நீங்கள் ஊற்றும் காரத்தை அது விழுங்கி அம்மோனியாவாக வெளியே விடும். மக்னீசியம் ஹைட்ராக்சைடு விழுவதற்கு வேண்டிய காரத்தன்மை கிடைக்காது. ஹைட்ராக்சைடு விழாவிட்டால் சாயம் ஒட்ட இடமே இல்லை. ஆகவே வடிநீரைப் பீங்கான் கிண்ணத்தில் வற்றவிட்டு, வெண்புகை எழுவது நிற்கும்வரை சூடாக்குங்கள். புகையலமாரிக்குள் வைத்துச் செய்யுங்கள். மிச்சத்தை 2 மோலார் ஹைட்ரோகுளோரிக் அமிலம் 1 மி.லி.யில் கரைத்து, காய்ச்சி வடித்த நீரால் 100 மி.லி. ஆக்கி, பிறகு குழித்தட்டுக்கு வாருங்கள்.

நிக்கல், கோபால்ட், காட்மியமும் இந்தச் சாயத்தோடு நிறம் காட்டும். பழைய கையேடுகளில் சயனைடு விட்டு அவற்றை மறைக்கச் சொல்லியிருக்கும். பள்ளியில் அந்தப் பேச்சே வேண்டாம். கண்காட்சிக்கு வெள்ளைப் பகுதியை மட்டும் சுரண்டி எடுத்தால் இந்தச் சிக்கல் பெரும்பாலும் வராது. தொகுதி வாரியாகப் பிரித்துச் செய்யும் பயிற்சி என்றால், நான்காம் தொகுதியிலேயே நிக்கல் போய்விடும்.

சாயம் ஒட்டுகிறது என்று சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. இங்கே உண்டாவது குறிப்பிட்ட விகிதத்தில் சேர்ந்த தனிச் சேர்மம் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். புதிதாக விழும் மக்னீசியம் ஹைட்ராக்சைடு துகளின் மேல் சாயம் பரப்புக் கவர்ச்சியால் படிந்து நிறம் மாறுகிறது. இப்படிச் சாயம் ஏறிய படிவை லேக் என்பார்கள். அலுமினியத்துக்கு நோட்டில் வரும் நீல லேக்கும் இந்த வகைதான். ஏற்காடு லேக் என்பதில் வரும் ஏரிக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை. அரக்குக்கு ஆங்கிலத்தில் லாக், அதிலிருந்து எடுத்த சிவப்புச் சாயத்திலிருந்து வந்த சொல். பிள்ளைகள் "ஏரி ஏன் குழாயில் வருகிறது" என்று கேட்டால் இதைச் சொல்லலாம்.

டைட்டன் யெல்லோவை இரண்டாவது சாட்சியாக வையுங்கள். 0.1 சதவீதம், அதாவது 100 மி.லி. நீரில் 0.1 கிராம். குழியில் சோதனைக் கரைசல் ஒரு சொட்டு, இது ஒரு சொட்டு, 2 மோலார் காஸ்டிக் சோடா ஒரு சொட்டு. மக்னீசியம் இருந்தால் சிவப்பு. வெற்றுக் குழி மஞ்சளும் ஆரஞ்சுமாக நிற்கும். கால்சியம் தனியாக இந்தச் சிவப்பைத் தராது, ஆனால் மக்னீசியத்தோடு கூட இருந்தால் சிவப்பை அழுத்தமாக்கும். கரைசல் வெளிச்சத்தில் கெடும். பழுப்பு பாட்டிலில் வைத்து, வேண்டும்போது கொஞ்சமாகத் தயாரியுங்கள். ஒரு கம்பெனித் தூளுக்கும் இன்னொரு கம்பெனித் தூளுக்கும் அழுத்தம் மாறும், அதனால் எப்சம் உப்புக் குழி இதற்கும் கட்டாயம்.

பெயரைப் பார்த்து இதில் டைட்டானியம் இருக்கிறது என்று எழுதும் மாணவர்கள் உண்டு. துளியும் கிடையாது. இது பருத்தியில் நேராக ஏறும் சாயம். தையசோல் மஞ்சள், க்ளேட்டன் மஞ்சள், டைரக்ட் யெல்லோ 9 எல்லாம் இதே பொருள்தான். சேலத்தில் சாயப்பட்டறை பக்கம் பழக்கம் உள்ளவர்களுக்கு "டைரக்ட்" என்றாலே புரியும். நம் சாக் ஹில்ஸ் கதையும் இதே மாதிரிதான். சாக் என்றால் கால்சியம் கார்பனேட். மலையில் வெள்ளையாக ஓடுவதோ மக்னீசியம் கார்பனேட். நம்மவர்கள் வைத்த வெள்ளைக்கல் என்ற பெயர் நிறத்தை மட்டும் சொன்னது, அதனால் பிழையில்லாமல் நிற்கிறது.

குழித்தட்டு:

ஒரு சேர்க்கை. கண்காட்சியில் இடம் இருந்தால் ஏற்காட்டு மலை மேலிருந்து ஒரு பாக்சைட் துண்டையும் வையுங்கள். அதற்கு அலுமினான், சிவப்பு லேக். மேலே அலுமினியம், அடிவாரத்தில் மக்னீசியம், இரண்டுக்கும் "ஆன்" என்று முடியும் ரீஏஜென்ட். பார்க்கிறவர்களுக்குப் பெயர்முறை சட்டென்று பிடிபடும்.

ஓமலூர் லேப்:

பச்சைக் கல்லை விட்டுவிட்டு வெள்ளை நரம்பைச் சுரண்டியே செய்கிறோம். கடைசியாக ஒன்று: தயாரித்த ரீஏஜென்ட் பாட்டிலின் மேல் என்ன பெயர் எழுதுவது?

கருப்பூர் கெமிஸ்ட்:

இப்படி எழுதுங்கள்: "மக்னீசான் 1 (அசோ வயலட்), 74-39-5, 0.001 சதவீதம், 2 மோலார் காஸ்டிக் சோடாவில்." அடியில் தயாரித்த தேதி, அரிக்கும் திரவம் என்ற எச்சரிக்கை. பென்சிலில் எழுதி மேலே செல்லோ டேப் ஒட்டுங்கள், காரம் வழிந்தால் பேனா மை கரைந்துவிடும்.

அந்த அசோ வயலட் தூள் பாட்டிலிலும் "மக்னீசான் 1" என்று ஒரு சீட்டு ஒட்டிவிடுங்கள்.