மண்டபத்து யூரினல் தண்ணிய குடிச்சே தீக்குது, வாட்டர்லெஸ் போடலாமா?

மண்டபம்_மதுரை:
சின்னதா கல்யாண மண்டபம் நடத்துறோம். ஆம்பளைங்க பக்கம் 6 யூரினல், எல்லாத்துக்கும் மேல ஒரே தொட்டி, ரொம்பினா தானா கொட்டும், பத்து நிமிஷத்துக்கு ஒருக்கா கொட்டிருது, முகூர்த்தமே இல்லாத நாளும் இதே கூத்துதான். கோடையில போர் வத்திட்டா லாரித் தண்ணி. தண்ணியே விட வேணாம், வாட்டர்லெஸ்னு ஒண்ணு இருக்காமே, நாத்தம் வராதா?

குழாய்க்காரன்:
அண்ணே தொட்டி 10 லிட்டர்னு வைங்க, மணிக்கு 60, நாளைக்கு 1440 லிட்டர். ஆளே இல்லாத மண்டபத்துல! வாட்டர்லெஸ்லாம் அப்புறம் பாப்போம், மொதல்ல தொட்டிக்கு வர்ற வால்வ மூடுங்க. ஆனா வாரக்கணக்கா மூடிக் கெடந்தா ட்ராப்ல, அதாவது அடியில வளைஞ்ச பைப்புல, நிக்கிற தண்ணி காஞ்சு சாக்கடை நாத்தம் ஏறும், அப்பப்ப ஒவ்வொரு யூரினல்லயும் ஒரு மக் தண்ணி ஊத்தச் சொல்லுங்க.

ஹாஸ்டல்_மெயின்டனன்ஸ்:
நாங்க வாட்டர்லெஸ் வச்சிருக்கோம். ரெண்டு விதம் இருக்கு, ஒண்ணுல எண்ணெய் மாதிரி ஒரு திரவம் மேல மிதந்து வாடைய அடைக்கும், இன்னொண்ணுல ரப்பர் வால்வு. நம்ம ஊர்ல க்ளீன் பண்ண வர்றவங்க பழக்கதோஷத்துல ஒரு பக்கெட் தண்ணிய வேகமா அடிச்சு ஊத்துவாங்க, எண்ணெய் அதோட போயிடும், அப்புறம் மூக்க மூடிக்கிட்டு தான் போகணும். நிரந்தர ஆள் இருந்தா சொல்லிக் குடுத்து பழக்கலாம், கல்யாணத்துக்கு கல்யாணம் ஆள் மாறுற எடத்துல எனக்கு நம்பிக்கை இல்ல.

ஊர்சுத்தி:
அந்துருண்டை போட்டா போதாதா ப்ரோ

ஹாஸ்டல்_மெயின்டனன்ஸ்:
அது வாடைய மறைக்கும், அவ்ளோதான். யூரின் தேங்கினா அதுல இருக்கிற யூரியாவ பாக்டீரியா அம்மோனியாவா மாத்திரும், மூக்குல ஏறுறது அதுதான். அதோட கால்சியம், மெக்னீசியம் படிஞ்சு பைப்புக்குள்ள கல்லாகும், போர் தண்ணி உப்பா இருந்தா இன்னும் சீக்கிரம். எங்க பழைய பைப்ப அறுத்தப்ப உள்ள சுண்டுவிரல் கூட போகல, சுத்தி வெள்ளையா பாறை மாதிரி.

குழாய்க்காரன்:
ஆமா, அதான் சொல்றேன், அண்ணனுக்கு ஒவ்வொண்ணுக்கும் தனித்தனி புஷ் காக் போதும், அமுக்கினா கொஞ்சம் வந்து தானா நின்னுரும். ஆள் வந்தா தானா தண்ணி விடுற சென்சார் வேணாம், உப்புத் தண்ணில உள்ள வால்வு சரியா மூடாம ஒழுக ஆரம்பிச்சிரும், பேட்டரி வேற மாத்தணும்.

மண்டபம்_மதுரை:
வால்வ மூடியாச்சு தம்பி. புஷ் காக்கே போட்ருவோம். கீழ போறது பழைய இரும்பு பைப்பு, அதையும் மாத்தணுமா?

குழாய்க்காரன்:
பைப்பு வளையிற எடத்துல இருக்கிற ஒரு பெண்ட மட்டும் கழட்டி டார்ச் அடிச்சு போட்டோ போடுங்கண்ணே. பாதிக்கு மேல அடைச்சிருந்தா பிவிசி போட்ருங்க, வாட்டம் மட்டும் நல்லா குடுக்கச் சொல்லுங்க.