சைக்கிள் நகரத்தைப் பத்தி ஆவணப்படம் எடுத்தா தெரு மாறுமா?

பெடல்ராணி:
1972-ல டச்சு டிவியில வந்த ஆவணப்படம் ஒண்ணு யூடியூப்ல கிடைக்குது. ஆம்ஸ்டர்டாம்ல டி பைப்னு நெருக்கமான பழைய குடியிருப்பு. தெருவோட ரெண்டு ஓரமும் கார் அடைச்சு நிக்குது, பிள்ளைங்க விளையாட இடமில்ல. பசங்களே குறுக்கே தடுப்பு வைக்கிறாங்க. ஒரு கார்க்காரர் இறங்கி வந்து அதை இழுத்துத் தள்ளுறார், பெரியவங்களுக்குள்ள சண்டையே மூண்டுடுது. "டச்சுக்காரனுக்கு சைக்கிள் ரத்தத்துலயே ஊறினது"ன்னு சொல்றவங்க இதைப் பார்க்கணும். இந்த மாதிரி படங்களுக்கு அரசாங்கம் காசு ஒதுக்கணும்ங்கிறது என் கட்சி.

சந்தேகசாமி:
பார்த்தேன், நல்ல படம். ஆனா படத்தாலதான் தெரு மாறுச்சுன்னா, அது காக்கா உட்கார பனம்பழம் விழுந்த கதை. 1971-ல மட்டும் அந்த நாட்டு ரோட்டுல 3,000 பேருக்கு மேல செத்தாங்க. அதுல 400-க்கு மேல குழந்தைங்க. 1973-ல எண்ணெய் நெருக்கடி வந்து, ஞாயித்துக்கிழமை கார் ஓட்டவே அரசு தடை போட்டுது. தெருவை மாத்தினது சாவும் பெட்ரோலும்தான்.

பெடல்ராணி:
சாவு எண்ணிக்கை பேப்பர்ல தூங்கிக்கிட்டிருக்கும் அண்ணே. விபத்துல மகளைப் பறிகொடுத்த விக் லாங்கன்ஹாஃப்ங்கிற பத்திரிகையாளர் "குழந்தைக் கொலையை நிறுத்து"ன்னு எழுதினதும்தான் அதே பேர்ல இயக்கம் கிளம்புச்சு. யாராவது எடுத்துச் சொல்லணும்ல?

சந்தேகசாமி:
அது கட்டுரைம்மா, படம் இல்ல! ஸ்வீடன் இயக்குநர் ஃப்ரெட்ரிக் கெர்ட்டனோட 'பைக்ஸ் வெர்சஸ் கார்ஸ்' ஆவணப்படம் 2015-ல உலகம் சுத்துச்சு. அதுல வர்ற பிரேசில் நகரம் சாவோ பாவ்லோவுல சைக்கிள் பாதையா போட்டுத் தள்ளின மேயர் ஹடாட், 2016 தேர்தல்ல முதல் சுத்துலயே தோத்தார். டொரான்டோ ஜார்விஸ் தெருவுல போட்ட பாதையை 2012-ல அழிச்சே போட்டாங்க. படம் பார்க்க வர்றவன் ஏற்கெனவே சைக்கிள்காரன். கைதட்டிட்டுப் போயிடுவான்.

தெருவோரம்:
ஹடாட் தோத்ததுக்கு சைக்கிளா காரணம்? அவர் கட்சிக்காரர் டில்மாவை அதுக்கு ஒரு மாசம் முன்னாடிதான் பிரேசில் ஜனாதிபதி பதவியில இருந்து இறக்கியிருந்தாங்க. அந்தக் கோபத்துல அந்தக் கட்சி சார்புல யார் நின்னாலும் கஷ்டம்தான். சாவோ பாவ்லோவோட பாவ்லிஸ்டா அவென்யூ நடுவுல 2015-ல திறந்த சைக்கிள் பாதை, அவர் போன பிறகும் அங்கேயேதான் இருக்கு.

ஆனா ராணி, அரசுப் பணம் மட்டும் வேணாம். மேயர் ரிப்பன் வெட்டுற படம்தான் வரும். டி பைப் பசங்க கேட்டது ஒரே விஷயம்: இந்தத் தெருவுல கார் வரக்கூடாது. அதனால பார்க்கிறவனுக்கு யார்கிட்ட போய் என்ன கேக்கணும்னு தெரியுது. கெர்ட்டன் ஊர் ஊரா கூட்டிட்டுப் போறார், தியேட்டரை விட்டு வெளிய வந்தா யார் வீட்டுக் கதவைத் தட்டுறது?

பெடல்ராணி:
சரி, அரசும் வேணாம்னா யார் காசுல எடுக்கிறது? கெர்ட்டனே கிக்ஸ்டார்ட்டர்ங்கிற நிதி திரட்டுற இணையதளத்துல ஜனங்ககிட்ட வசூல் பண்ணினார்.

சந்தேகசாமி:
போட்டவங்க யாரு, கார் கம்பெனிக்காரங்களா? சைக்கிள்காரன் காசு போட்டு, சைக்கிள்காரனைக் காட்டி, சைக்கிள்காரனே பார்த்தான். இதைத்தான் நான் முதல்லேருந்து சொல்லிட்டிருக்கேன்.