தாத்தா வீட்டுக் குழு: ஞாயிறு இரவுக்குக் குளிர்ந்த ஆரஞ்சு

(உறவுப் பெயர்கள் நிலா அழைக்கும் முறையில்; மாமாவும் அத்தையும் கார்த்தியின் பெற்றோர், கார்த்திக்குச் சித்தி அத்தை முறை.)

பெரியம்மா (மாலை 6:10): அப்பாவின் எண்பதாவது பிறந்தநாள் இந்த ஞாயிற்றுக்கிழமை வருகிறது, இரவுச் சாப்பாடு என் வீட்டில்தான். மொத்தம் 12 பேர். சாப்பிட்டு முடித்ததும் நெய் இல்லாமல், வயிற்றுக்குப் பாரமில்லாமல், குளிர்ச்சியாக ஏதாவது இனிப்பு வேண்டும் என்று அப்பா தாமே வாய்விட்டுக் கேட்டிருக்கிறார். யார் செய்கிறீர்கள்?

நிலா (6:14): ஆரஞ்சுச் சுளைகளைப் பட்டையும் ஏலக்காயும் போட்ட பாகில் ஊறவைத்துக் குளிரவைக்கலாம், பெரியம்மா. தாத்தாவுக்கு மெல்லுவதும் எளிது.

அத்தை (6:15): ஆரஞ்சு மட்டும் வேண்டாம்.

கார்த்தி (6:15): அம்மா, அது நடந்து ஓராண்டு ஆகிவிட்டது.

அத்தை (6:17): எத்தனை ஆண்டு ஆனாலும் பழம் வாங்கியவள் நான்தான். எல்லாரும் ஒரு வாய் வைத்துவிட்டுக் கிண்ணத்தைத் தள்ளி வைத்ததும், பார்த்து வாங்கத் தெரியவில்லை என்று சொன்னதும் எனக்கு மறக்கவில்லை.

மாமா (6:18): இப்போது அந்தப் பேச்சு எதற்கு?

சித்தி (6:41): அண்ணா, அந்தப் பேச்சு வேண்டும், ஏனென்றால் இந்த இனிப்பு சரியாக வருவதும் வராததும் அதில்தான் இருக்கிறது. சென்ற ஆண்டு அண்ணி வாங்கி வந்த பழத்தில் ஒன்றை நான் உரித்துச் சாப்பிட்டேன், நல்ல இனிப்பு. மறுநாள் வேலை குறையட்டும் என்று முதல் நாள் இரவே ஆறு பழங்களை விதையோடும் வெள்ளைத் தோலோடும் அப்படியே பிழிந்து வைத்தவள் நான். சில வகை ஆரஞ்சுகளில், முழுப் பழமாக இருக்கும்வரை கசப்பே தெரியாத ஒரு பொருள் சவ்விலும் விதையிலும் வெள்ளைத் தோலிலும் இருக்கிறது. பழத்தை நசுக்கிப் பிழிந்ததும் அது சாற்றின் புளிப்போடு சேர்ந்து, உடனே அல்லாமல் சில மணி நேரத்தில், லிமோனின் என்னும் கசப்புப் பொருளாக மாறிவிடுகிறது. அதனால்தான் இரவு ருசி பார்த்தபோது இனித்த சாறு மறுநாள் மதியம் கசந்தது. இதை நான் பின்னர்தான் படித்துத் தெரிந்துகொண்டேன். தெரிந்த அன்றே இந்தக் குழுவில் சொல்லியிருக்க வேண்டும், சொல்லவில்லை. பழத்தில் குறை இல்லை, அண்ணி. குறை என் கையில் இருந்தது, மன்னியுங்கள்.

நிலா (6:43): நன்றி, சித்தி.

பெரியம்மா (6:46): அன்று பேசியவர்களில் நானும் ஒருத்தி.

கார்த்தி (6:52): நான் அன்னாசித் துண்டுகளைச் சேர்த்து ஜெலட்டினில் உறையவைக்கலாம் என்று நினைத்தேன். பார்க்க அழகாக இருக்கும்.

சித்தி (6:58): வேகவைக்காத அன்னாசியைப் போட்டால் உறையாது, கார்த்தி. அதிலுள்ள புரோமலைன் என்னும் நொதி புரதத்தை அறுத்துவிடும். ஜெலட்டினோ முழுக்க முழுக்கப் புரதம். காலையில் பார்த்தால் தண்ணீராகவே இருக்கும். பச்சைப் பப்பாளியும் கிவியும் இதே வேலையைச் செய்யும். அன்னாசியை முதலில் நன்றாக வேகவைத்தால் நொதி அழிந்துவிடும். ஆனால் அப்போது பழத்தின் புதுமையும் போய்விடும். தாத்தா கேட்பது எளிமையான ஒன்று. பழமும் பாகும் போதும்.

கார்த்தி (7:01): சரி, அத்தை. என் நண்பன் ஒரு பை நிறையக் கிரேப்ஃப்ரூட் கொடுத்திருக்கிறான். ஆரஞ்சோடு அதையும் பாதிப் பாதியாகச் சேர்க்கலாமா? நிறம் சிவப்பாக, நன்றாக இருக்கிறது.

மாமா (7:03): அப்பா கொழுப்புக்கும் ரத்த அழுத்தத்துக்கும் மாத்திரை சாப்பிடுகிறார். எதற்கும் கேட்டுவிட்டுச் செய்.

சித்தி (7:15): அண்ணா சொன்னது மிகவும் முக்கியம். அப்பாவின் கிண்ணத்தில் கிரேப்ஃப்ரூட் ஒரு சுளைகூட வரக்கூடாது. குடலில் சில மருந்துகளைச் சிதைக்கும் நொதி ஒன்றை இந்தப் பழம் முடக்கிவிடுகிறது. அதனால் வழக்கமான அளவு மாத்திரையே ரத்தத்தில் பல மடங்கு சேர்ந்துவிடலாம். இது தெரியவந்ததே தற்செயலாகத்தான்: ரத்த அழுத்த மருந்து ஒன்றை மதுவோடு சேர்த்துச் சோதித்தவர்கள், மதுவின் சுவையை மறைக்கக் கிரேப்ஃப்ரூட் சாற்றைக் கலந்து கொடுத்தார்கள், மருந்தின் அளவு எதிர்பாராமல் உயர்ந்து நின்றது. 1989இல் அதை வெளியிட்டார்கள். கொழுப்பைக் குறைக்கும் ஸ்டாடின் வகை மருந்துகள் சிலவற்றுக்கும் இது பொருந்தும். காலையில் மாத்திரை, இரவில் பழம் என்று நேரம் பிரித்துச் சாப்பிட்டாலும் பயனில்லை. முடங்கிய நொதி மீண்டு வர ஒரு நாளுக்கு மேல் ஆகும். பம்ப்ளிமாஸிலும் இதே பொருட்கள் உண்டு. வழக்கமாக நாம் சாப்பிடும் இனிப்பு ஆரஞ்சில் இந்தத் தொல்லை இல்லை.

கார்த்தி (7:17): எனக்கு இது தெரியாது. பையைத் திருப்பிக் கொடுத்துவிடுகிறேன்.

பெரியம்மா (7:18): தாத்தாவுக்கு மட்டும் தனிக் கிண்ணம் வைத்துவிட்டு மற்றவர்களுக்குச் சேர்க்கலாமே?

மாமா (7:18): வேண்டாம், அக்கா. கரண்டி மாறும்.

நிலா (7:25): சித்தி, அளவுகளைச் சொல்லுங்கள். சனிக்கிழமை இரவே செய்து வைத்துவிடட்டுமா?

சித்தி (7:52): பாகை மட்டும் சனிக்கிழமை செய், நிலா, சுளைகளை ஞாயிற்றுக்கிழமை மதியத்துக்கு மேல்தான் எடுக்க வேண்டும். 12 பேருக்கு நடுத்தர அளவில் 14 ஆரஞ்சு, ஓர் எலுமிச்சை. பாகுக்குத் தண்ணீர் 300 மில்லி, சர்க்கரை 150 கிராம், விரல் நீளப் பட்டை ஒன்று, லேசாகத் தட்டிய ஏலக்காய் 5, கிராம்பு 2. சர்க்கரை கரைந்து கொதி வந்ததும் தீயைத் தணித்து ஐந்து நிமிடம் விடு; கம்பிப் பதம் தேவையில்லை, கையில் லேசாக ஒட்டினால் போதும். அடுப்பை அணைத்த பிறகுதான் ஆரஞ்சின் மேல்தோலை, வெள்ளை ஒட்டாமல் மெல்லிய பட்டைகளாகச் சீவி, மூன்று நான்கு துண்டுகள் போட வேண்டும். பழத்தின் மணம் அந்தத் தோலின் எண்ணெயில்தான் இருக்கிறது, கொதிக்கவிட்டால் ஆவியோடு போய்விடும். மூடி போட்டு 20 நிமிடம் வைத்துவிட்டு வடிகட்டு. மசாலாவைப் பாகிலேயே விட்டுவைத்தால் கிராம்பு நேரம் ஆக ஆக ஏறிக்கொண்டே போகும்.

பெரியம்மா (7:55): இரண்டு கிராம்பு எந்த மூலைக்கு? பத்தாவது போட வேண்டாமா?

சித்தி (8:01): அக்கா, கிராம்பிலுள்ள யூஜினால் நாக்கை மரத்துப் போகச் செய்யும், பல்வலிக்குக் கிராம்பு வைப்பதே அதனால்தான். பத்துப் போட்டால் ஆரஞ்சின் ருசி யாருக்கும் தெரியாது. பட்டை முன்னால் நிற்கட்டும், ஏலக்காய் பின்னால் வரட்டும், கிராம்பு இருக்கிறதா இல்லையா என்று யோசிக்கும் அளவுக்கு இருந்தால் போதும்.

பெரியம்மா (8:02): நான்கு?

சித்தி (8:03): மூன்று போடுங்கள்.

நிலா (8:06): சுளையை எப்படி எடுப்பது? நான் உரித்தால் சவ்வு கிழிந்து குழைந்துவிடுகிறது.

சித்தி (8:24): கையால் உரிக்காதே. பழத்தின் தலையையும் அடியையும் சதை தெரியும்வரை வெட்டிவிட்டுப் பலகையில் நிற்கவை. கத்தியை மேலிருந்து கீழாக, பழத்தின் வளைவோடே இறக்கி, தோலையும் வெள்ளையையும் ஒன்றாக அகற்று; ஈரமான ஆரஞ்சு உருண்டை மட்டும் கையில் நிற்கும். இப்போது அதை இடது உள்ளங்கையில் ஏந்திக்கொண்டு கிண்ணத்துக்கு மேலாகப் பிடி. சவ்வுகள் வெள்ளைக் கோடுகளாகத் தெரியும். ஒரு கோட்டை ஒட்டிக் கத்தியை நடுவரை இறக்கு, அடுத்த கோட்டை ஒட்டி மறுபடியும் இறக்கு; சுளை தானாகக் கழன்று கிண்ணத்தில் விழும். சாறு மணிக்கட்டு வரை வழியும், அதையும் கிண்ணத்திலேயே பிடித்துக்கொள். கடைசியில் கையில் மிஞ்சும் சவ்வுக் கூட்டை ஒரே ஒரு முறை மெதுவாகப் பிழிந்துவிட்டு எறிந்துவிடு. முறுக்கிப் பிழிந்தால் சென்ற ஆண்டின் கதைதான். கத்தி நன்றாகச் சாணை பிடித்ததாக இருக்கட்டும். முதல் இரண்டு பழம் சிதையும், மூன்றாவதிலிருந்து கை பழகிவிடும்.

நிலா (8:26): புரிந்தது. சூடான பாகை ஊற்றலாமா, ஆறவைத்தா?

சித்தி (8:33): முழுவதும் ஆறி, குளிர்சாதனப் பெட்டியில் சில்லென்று ஆன பிறகுதான் ஊற்ற வேண்டும். சூட்டோடு ஊற்றினால் சுளை வெந்து, வேகவைத்த பழத்தின் வாடை வந்துவிடும். எலுமிச்சைச் சாற்றையும் அப்போதுதான் பிழிய வேண்டும். பாகை வெதுவெதுப்பாக ருசி பார்க்கும்போது சற்றுக் கூடுதலாக இனித்தால் பயப்படாதே. குளிர்ந்தால் நாக்குக்கு இனிப்புக் குறைவாகவே தெரியும். மூன்று மணி நேரம் ஊறினால் போதும். அதற்கு மேல் போனால் சர்க்கரை சுளையிலுள்ள சாற்றை எல்லாம் வெளியே இழுத்து, பழம் தொய்ந்து போய்விடும்.

மாமா (8:36): எனக்குச் சர்க்கரை இருக்கிறது. பாகு இல்லாமல் எடுத்து வையுங்கள்.

அத்தை (8:37): பாகு இல்லாவிட்டாலும் பழத்திலேயே சர்க்கரை உண்டு. ஒரு பழத்தின் சுளைகள்தான் உங்களுக்கு.

மாமா (8:37): சரி.

நிலா (8:40): மாமாவின் சுளைகளில் பட்டைப் பொடியைத் துளி தூவித் தருகிறேன். மணமாவது இருக்கட்டும்.

கார்த்தி (8:44): மேலே மாதுளை முத்துக்கள் தூவலாமா?

பெரியம்மா (8:45): தாத்தாவின் பல்லுக்கு ஆகாது.

கார்த்தி (8:46): தனியாக ஒரு கிண்ணத்தில் வைத்துவிட்டால், வேண்டியவர்கள் தூவிக்கொள்வார்கள்.

பெரியம்மா (8:46): அதை ஞாயிற்றுக்கிழமை பார்த்துக்கொள்ளலாம். என்னிடம் பெரிய அலுமினியப் பாத்திரம் இருக்கிறது, 12 பேருக்குத் தாராளமாகக் கொள்ளும்.

சித்தி (8:50): அலுமினியம் வேண்டாம், அக்கா. புளிப்பு அதோடு சேர்ந்தால் உலோகச் சுவை இறங்கிவிடும். கண்ணாடி அல்லது எவர்சில்வர்.

பெரியம்மா (8:52): கண்ணாடிக் கிண்ணம் தம்பி வீட்டில்தான் இருக்கிறது. நான்கு ஆண்டுகளாக அங்கேயே இருக்கிறது.

மாமா (8:53): தேடிப் பார்க்கிறேன்.

அத்தை (9:05): ஆரஞ்சு நான் வாங்குகிறேன். 14 சொன்னீர்கள், 16 வாங்கிவிடுகிறேன். நிலாவுக்கு முதல் இரண்டு சிதையும் என்றீர்களே.

சித்தி (9:07): மகிழ்ச்சி, அண்ணி. நிறத்தைப் பார்க்க வேண்டாம். தோல் பச்சையாக இருந்தாலும் உள்ளே பழுத்திருக்கும். கையில் எடுத்துப் பார்த்தால் அதன் அளவுக்குக் கனமாக இருக்க வேண்டும், அதுதான் சாறுள்ள பழம்.

அத்தை (9:08): தெரியும். சென்ற ஆண்டும் அப்படித்தான் கையில் எடுத்துப் பார்த்து வாங்கினேன்.

சித்தி (9:09): ஆமாம், அண்ணி. அப்படித்தான் வாங்கியிருந்தீர்கள்.

பெரியம்மா (9:20): கிண்ணம் கிடைத்ததா, தம்பி?