‘குரூசிங்’ படத்தின் முடிவை எப்படிப் புரிந்துகொள்வது?

கேள்வி:
வில்லியம் ஃபிரீட்கின் இயக்கி 1980-இல் வெளியான இப்படத்தை நேற்றிரவு பார்த்தேன். நியூயார்க்கில் தோலாடை அணிந்தோர் கூடும் மதுக்கூடங்களுக்கு வரும் தன்பாலீர்ப்பு ஆண்களைக் கொல்பவனைப் பிடிக்க, அல் பசீனோ ஏற்ற இளம் காவலர் மாறுவேடத்தில் அனுப்பப்படுகிறார். ஒருவன் பிடிபட்ட பின்னும் மற்றொரு கொலை நிகழ்கிறது. இறுதியில் முகம் மழித்துக்கொண்டிருக்கும் அவர், கண்ணாடி வழியாக நம்மையே பார்க்கிறார். அந்தக் கடைசிக் கொலையை அவரே செய்தார் என்று கொள்ளலாமா?

மறுமொழி 1:
கொள்ளலாம், ஆனால் நிறுவ முடியாது. கொலைக்காட்சிகளில் கொலையாளியாக வருபவர் எல்லா இடத்திலும் ஒரே நடிகர் அல்லர் என்பதைக் கவனித்தீர்களா? அதைக் கவனித்தால், விடையை வேண்டுமென்றே குலைத்திருப்பது புரியும்.

மறுமொழி 2:
முடிவைவிடப் படப்பிடிப்பின் கதையே எனக்குச் சுவையானது. தன்பாலீர்ப்பாளரைக் கொலைவெறியோடு இணைத்துக் காட்டுவதாகக் கூறி, 1979 கோடையில் கிரீனிச் வில்லேஜ் பகுதியில் திரண்ட போராட்டக்காரர்கள் ஊதல் ஊதி ஒலிப்பதிவைக் கெடுத்ததால், உரையாடல்களில் பெரும்பகுதியைப் பின்னர் குரல்பதிவு செய்ய வேண்டியதாயிற்று. உதட்டசைவை உற்றுப் பாருங்கள், தெரியும். தணிக்கைத் தரத்துக்காகச் சுமார் 40 நிமிடங்களும் வெட்டப்பட்டன.

கேள்வி கேட்டவர்:
அப்படியானால் நான் புதிர் என்று எண்ணியதில் ஒரு பகுதி வெட்டின் விளைவாகவும் இருக்கலாம்.

மறுமொழி 3:
இருக்கலாம், ஆயினும் அந்தப் பார்வை வெட்டில் விளைந்ததன்று. அதே வேளையில் அடுத்த அறையில் காதலி அவருடைய தோல்சட்டையையும் தொப்பியையும் கறுப்புக் கண்ணாடியையும் அணிந்து பார்க்கிறாள். என் வாசிப்பில், வேடம் அவரை விட்டு நீங்கவில்லை என்பதே அங்கு சொல்லப்படுகிறது. போராடியவர்கள் அஞ்சியதும் ஏறக்குறைய இதைத்தான்: அந்த உலகில் நுழைந்தவன் கெட்டுப்போவான் என்ற பொருள் வந்துவிடுமே என்று. அந்த அச்சம் ஆதாரமற்றது என்று என்னால் சொல்ல இயலவில்லை.