மேனேஜரும் அவரே, புரமோட்டரும் அவரே: மான்டி காக்ஸ் அப்படி என்ன பெரிய ஆள்?

கூண்டுப்பூனை: "மான்டி காக்ஸ் மாதிரி வீரர்களுக்காக நின்ற மேனேஜர் எம்எம்ஏவில் (குத்து, உதை, மல்யுத்தம் எல்லாம் கலந்த கூண்டுச் சண்டையில்) கிடையாது" என்று நேற்று ஒருவர் அளந்திருந்தார். எக்ஸ்ட்ரீம் சேலஞ்ச் என்ற எம்எம்ஏ போட்டிகளை நடத்தியது யார்? காக்ஸ். அதில் மோதிய பலருக்கு மேனேஜர் யார்? அதே காக்ஸ். சம்பளத்தைக் கூட்டிக் கேட்பவரும் குறைத்துக் கொடுப்பவரும் ஒரே ஆள். கண்ணாடி முன் நின்று பேரம் பேசினாரா?

அயோவா அபிமானி: அளந்தது நான்தான். மிலெடிச், பல்வர், ஹியூஸ், சில்வியா, ஃபிராங்க்ளின். காக்ஸ் மேனேஜராக இருந்தவர்களில் ஐந்து பேர் யுஎஃப்சி (எம்எம்ஏவின் மிகப் பெரிய போட்டி நிறுவனம்) சாம்பியன்கள். இப்படி இன்னொரு மேனேஜரைச் சொல்லுங்கள், பார்ப்போம்.

கூண்டுப்பூனை: கேட்டது அதுவல்ல. ஒரே ஆளா, இல்லையா?

பழைய கேசட்: சின்னத் திருத்தம். 1998இல் மிலெடிச் பிரேசிலில் வென்றது 170 பவுண்டு எடைப்பிரிவின் சாம்பியன் பெல்ட். அன்று அதற்கு லைட்வெயிட் என்றுதான் பெயர். வெல்டர்வெயிட் என்று எழுதுபவர்களுக்காகச் சொல்கிறேன்.

அயோவா அபிமானி: யாரும் எழுதவில்லை ஐயா. பூனையாருக்கு: 1996இல் அமெரிக்க செனட்டர் மெக்கெயின் எம்எம்ஏவை மனிதச் சேவல் சண்டை என்றார். அப்புறம் கேபிள் டிவியும் கைவிட்டது. வீரர்களுக்கு மோத மேடையே இல்லை. பத்திரிகை வேலையில் இருந்த காக்ஸ் தானே மேடை போட்டார். அது குற்றமா?

கூண்டுப்பூனை: மேடை போடட்டும். மேனேஜர் கமிஷனும் வாங்கலாமா? குத்துச்சண்டையில் இதைத் தடுக்கத்தான் 2000இல் அமெரிக்காவில் அலி சட்டமே வந்தது.

அயோவா அபிமானி: குத்துச்சண்டைக்கு மட்டும். எம்எம்ஏவுக்கு அது பொருந்தாது. வக்கீல் வேடம் போடுவதற்கு முன்னால் சட்டத்தைப் படியுங்கள்.

கூண்டுப்பூனை: படித்துவிட்டுத்தான் சொல்கிறேன். சட்டம் தொடவில்லை என்றால் இரண்டு ஆள் ஆகிவிடுவாரா? ஒரே ஆள்தானே?

மூன்றாம் சுற்று: பல்வரை மறந்துவிட்டீர்களே. 2002 ஜனவரியில் பி.ஜே. பென்னை வென்றார். அப்புறம் யுஎஃப்சியுடன் ஒப்பந்தத் தகராறு, பெல்ட்டை விட்டுவிட்டே வெளியேறினார். வீரர் சம்பளத்துக்காக காக்ஸ் முட்டிக்கொண்டதற்கு இதைவிடச் சாட்சி வேண்டுமா?

கூண்டுப்பூனை: அது யுஎஃப்சியின் பணம். அடுத்தவர் பணம் என்றால் யாரும் முட்டுவார்கள். தன் சொந்தப் போட்டியில் முட்டினாரா? முட்ட எதிரே ஆள் வேண்டுமே!

பழைய கேசட்: ஹியூஸையும் கணக்கில் சேர்க்கிறீர்களா? யுஎஃப்சி 34 போட்டியில் அன்றைய சாம்பியன் நியூட்டனின் முக்கோணப் பிடியில் (கால்களால் கழுத்தை நெரிக்கும் பிடி) அவரும் மயங்கியிருந்தார். தூக்கி அடித்ததில் நியூட்டன் முதலில் மயங்கியதாக ஆகி, பட்டம் ஹியூஸுக்குப் போய்விட்டது.

அயோவா அபிமானி: ஆரம்பித்துவிட்டார்! நடுவர் மெக்கார்த்தி கூண்டுக்குள் நின்றார், நீங்கள் திரைக்கு முன் உட்கார்ந்திருந்தீர்கள்.

பழைய கேசட்: மெதுவாக ஓட்டிப் பாருங்கள். ஹியூஸின் தலை சாய்கிறது.

மூன்றாம் சுற்று: தலைப்பு காக்ஸ் பற்றியது.

கூண்டுப்பூனை: நன்றி. அப்படியானால் பதில் சொல்லுங்கள். எம்-1 குளோபல் என்ற போட்டி நிறுவனத்தின் தலைமையில் உட்கார்ந்தார், 2008இல் அட்ரினலின் என்று சொந்தமாக இன்னொன்றும் தொடங்கினார். மேனேஜர் வேலையை விட்டுவிட்டா?

அயோவா அபிமானி: ஐந்து சாம்பியன்கள்.

கூண்டுப்பூனை: ஒரே ஆள்.

பழைய கேசட்: நாலரை. ஹியூஸுக்கு அரைதான்.