செட் போட வந்த ஆர்ட் டைரக்டர்: பார்த்தவர்கள் சொல்லுங்கள்

பாம்பனிலிருந்து:

நான் படகு ஆசாரி. 1964 புயலுக்கு முந்தைய தனுஷ்கோடியைக் காட்டும் படம் ஒன்றுக்குச் செட் வேலை என்று கூப்பிட்டார்கள். போட் மெயில் வந்து நிற்கிற ஸ்டேஷன், நாலு வீடு, ஒரு சர்ச் சுவர். மண்டபம் பக்கம் தனியார் பனங்காட்டில் போட்டோம்.

ஆர்ட் டைரக்டர் முதலில் எதையும் வரையவில்லை. தனுஷ்கோடிக்குப் போய் இடிந்த சர்ச் சுவர் முன்னால் உட்கார்ந்து கல் கல்லாகப் பார்த்தார். அது பவளக்கல் சுவர். இப்போது பவளத்தில் கை வைத்தால் வன உயிரினச் சட்டத்தில் கேஸ்தான். அதனால் தெர்மாகோலைப் பாளம் பாளமாக அறுத்து, மேலே தின்னரைத் தெளித்தார். தெளித்த இடமெல்லாம் அரித்துக்கொண்டு போய், பவளக்கல்லின் பொத்தல் அப்படியே விழுந்தது. அப்புறம் சிமெண்ட் பால், சுண்ணாம்பு, கொஞ்சம் டீ டிகாஷன். கிட்டே போய்த் தட்டிப் பார்த்தால்தான் தெரியும்.

வீட்டுச் சுவருக்குப் பூசிய பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் மட்டும் கடல் ஈரத்தில் சரியாக இறுகவில்லை. உதிர்ந்ததைச் சுரண்டிவிட்டு சிமெண்டுக்கு மாறினார்கள். சோழகக் காற்றில் ஸ்டேஷன் முகப்பு ஆடியபோது பாய்மரத்துக்கு இழுத்துக் கட்டுவது போல நாலு பக்கமும் கயிறு கட்டிக் கொடுத்தது நான். “அண்ணே, புதுப் பலகை வேண்டாம், பட்டறையில கழிச்சுப் போட்டது இருக்குமா?” என்று கேட்ட முதல் ஆள் அவர்தான். ஃபைபர் படகு ஒன்றைக்கூடக் கரையில் நிற்க விடவில்லை, மரவள்ளம்தான்.

எழும்பூர் ஓவியக் கல்லூரியில் படித்தவர். பல வருஷம் உதவியாளராக, பேட்டா என்கிற தினப்படியில் ஓட்டியிருக்கிறார். ‘நாயகன்’ படத்தின் ஆர்ட் டைரக்டர் தோட்டா தரணி பேச்சை எடுத்தால் நிறுத்த மாட்டார். அந்தப் படத்தில் வரும் தாராவியில் பெரும்பகுதி சென்னையில் போட்ட செட், அதற்குத் தேசிய விருதும் கிடைத்தது என்று அவர் சொல்லித்தான் எனக்குத் தெரியும். நான் பம்பாய் என்றே நினைத்திருந்தேன்.

தங்கச்சிமடத்திலிருந்து:

அதே படம்தான் என்று நினைக்கிறேன். செட்டுக்குள் சாமான் வைக்கிற பொறுப்பு ஒரு பெண்ணுக்கு. எங்கள் அப்பத்தாவின் டிரங்குப் பெட்டி, பித்தளைக் குடம், மாதா படம் எல்லாவற்றையும் போட்டோ எடுத்து, நம்பர் ஒட்டி, சீட்டு எழுதிக் கொடுத்துத்தான் வாங்கிப்போனார். ஷூட்டிங் அன்று ஒரு பிளாஸ்டிக் குடம் ஓரமாகக் கிடந்ததற்கு அவர் போட்ட சத்தம் ரோடு வரை கேட்டது. உள்ளே சுவரில் தேதி கிழிக்கிற காலண்டர், புயல் அடித்த அன்றைய தேதி: டிசம்பர் 22, செவ்வாய்க்கிழமை. கேமரா அந்தப் பக்கமே திரும்பவில்லை. “நடிக்கிறவங்க பார்ப்பாங்கல்ல?” என்றார்.

சாமான் கீறல் இல்லாமல் திரும்பி வந்தது. வாடகைதான் கம்பெனியிலிருந்து இழுத்து இழுத்து வந்தது.

ஏர்வாடியிலிருந்து:

எங்கள் ஊர்ப் பையன் ஒருவன் அப்படி வந்த ஒரு யூனிட்டில் பெயிண்டராகச் சேர்ந்து, அவர்கள் பின்னாலேயே சென்னைக்குப் போய்விட்டான். சுவருக்குப் பாசி படிந்த மாதிரி பெயிண்ட் அடிப்பதில் கெட்டிக்காரன். பிறந்ததிலிருந்து பார்க்கிற பாசிதானே! ஆனால் யூனியன் கார்டு இல்லாமல் பெரிய செட்டில் நிற்க முடியாதாம். கார்டுக்குப் பணம் புரட்டியதில் வீட்டில் இரண்டு ஆடு போச்சு. அவன் அம்மா இன்னும் அதைச் சொல்லித்தான் திட்டுகிறார்.