தொழிற்சாலையிலேயே கொள்கலனில் தேயிலை ஏற்றிக் கொழும்புத் துறைமுகத்துக்கு அனுப்புவது: எடை, சீல், ஈரம்

தலவாக்கலை_ஸ்டோர்

வணக்கம். இதுவரை எங்கள் தேயிலை லொறியில் கொழும்புக் களஞ்சியத்துக்குப் போகும், அங்கேதான் கொள்கலனில் அடுக்குவார்கள். இப்போது ஏற்றுமதியாளர் இங்கேயே அடுக்கி, சீல் வைத்து, நேராகத் துறைமுகத்துக்கு அனுப்பச் சொல்கிறார். தேயிலைச் சபை, சுங்கப் பத்திரங்கள் எல்லாம் அவர் பொறுப்பு. 20 அடி எடுப்பதா, 40 அடியா? எங்களிடம் வே பிரிட்ஜ் (வண்டியோடு நிறுக்கும் தராசு) இல்லை, வி.ஜி.எம். எனப்படும் சரிபார்த்த மொத்த எடையை எப்படிக் கொடுப்பது? மழைக்காலத்தில் ஏற்றினால் ஈரம் பிடிக்குமா?

கினிகத்தேனை_ட்ரெய்லர்

20 அடிதான். பிரதான வீதியில் 40 அடி வந்தாலும் தோட்டத்துப் பாதையின் முடக்குகளில் திரும்பாது. ஹை கியூப் (உயரம் கூடிய பெட்டி) என்றால் பெட்டி மட்டும் 2.9 மீற்றர் உயரம், ட்ரெய்லரோடு சேர்த்தால் 4 மீற்றரைத் தாண்டும். லயத்துப் பக்கம் தாழ்ந்து தொங்கும் மின்கம்பியை முதலில் பாருங்கள். போக்குகளும் (மதகுகளும்) பாலங்களும் எத்தனை தொன் தாங்கும் என்று தோட்டத்தில் கேட்டு எழுதி வையுங்கள்.

தேயிலை பாரம் குறைவு, இடம் அதிகம் பிடிக்கும். கூரை வரை அடுக்கும்போது பாரத்தின் மையம் மேலே ஏறிவிடும், அதனால் முடக்கில் சாயப் பார்க்கும். கினிகத்தேனையிலிருந்து கித்துல்கல வரை இறக்கத்தில் மூட்டைகள் முன்பக்கமாகத் தள்ளும். பெட்டியின் உள்ளகலம் 2.35 மீற்றர். 1.2 × 1.0 மீற்றர் பலட்டுகளை (மூட்டை அடுக்கும் மரத் தட்டுகளை) அடுக்கினால் பக்கத்தில் ஏறக்குறைய 15 சென்ரிமீற்றர் இடைவெளி மிஞ்சும். அதைக் காற்றுப் பையால் அடையுங்கள், கதவுப் பக்கத்தையும் விடாதீர்கள். ட்ரெய்லரின் நான்கு மூலையிலும் பெட்டியைப் பிடிக்கும் ட்விஸ்ட் லொக்குகளும் பூட்டியிருக்கின்றனவா என்று ட்ரைவர் சொல்வதோடு விடாமல் நீங்களே குனிந்து பாருங்கள்.

வாயில்_கணக்கு

வி.ஜி.எம். பற்றி. 2016 ஜூலை 1 முதல் சரிபார்த்த எடை இல்லாத கொள்கலனைக் கப்பலில் ஏற்ற முடியாது. இரண்டு வழி உண்டு. ஒன்று, ஏற்றிய பின் முழுதாக நிறுப்பது. மற்றது, உள்ளே போகும் ஒவ்வொன்றையும் நிறுத்து, கதவில் எழுதியிருக்கும் வெற்றெடையைக் கூட்டுவது. வே பிரிட்ஜ் இல்லாத உங்களுக்கு இரண்டாவதுதான் வசதி. ஆனால் அந்த முறையை அதிகாரிகள் ஏற்றிருக்க வேண்டும், தராசு அளவீட்டு அலகுகள் திணைக்களத்தின் முத்திரை பெற்றதாக இருக்க வேண்டும்.

ஓர் உதாரணம்: சாக்கோடு சேர்த்து 46 கிலோ வீதம் 200 மூட்டை 9,200. பலட் 10 × 20 கிலோ 200. காற்றுப் பை, கடதாசி 30. வெற்றெடை 2,230. மொத்தம் 11,660 கிலோ. பிழை வருவது அநேகமாக இரண்டு இடத்தில்: தேயிலையின் நிகர எடையை மட்டும் எடுத்துச் சாக்கையும் பலட்டையும் விடுவது, வேறொரு பெட்டியின் வெற்றெடையைப் பழைய தாளிலிருந்து போடுவது. வழியில் வே பிரிட்ஜ் கிடைத்து முதல் முறையில் நிறுத்தால், வண்டியின் எடையைக் கழிக்கும்போது டீசலையும் கணக்கில் எடுங்கள். 100 லீற்றர் ஏறக்குறைய 84 கிலோ.

கையெழுத்து உங்களுடையது அல்ல. கப்பல் பத்திரத்தில் 'ஏற்றுமதியாளர்' என்று யார் பெயர் இருக்கிறதோ அவர் போட வேண்டும். நீங்கள் எடைத் தாளை அனுப்பினால் போதும்.

இதைச் சடங்காக நினைக்கக் கூடாது. 2007இல் எம்.எஸ்.சி. நாப்போலி கப்பல் உடைந்தபோது, தளத்தில் நனையாமல் இருந்த ஏறக்குறைய 660 கொள்கலன்களை நிறுத்தார்கள். 137இல் அறிவித்த எடைக்கும் உண்மை எடைக்கும் 3 தொன்னுக்கு மேல் வித்தியாசம்.

உலர்_தேயிலை

ஈரத்துக்குக் காரணம் மூடுபனி என்றுதான் எல்லோரும் நினைக்கிறார்கள். கணக்குப் போட்டால் வேறு விதமாக வரும். 20 அடிப் பெட்டியின் கொள்ளளவு 33 கனமீற்றர். 18 பாகை வெப்பத்தில் அவ்வளவு காற்று முழுக்க நனைந்திருந்தாலும் அதில் இருக்கும் நீர் அரை லீற்றர்தான். மழையில் கிடந்த மரப் பலட்டுகள் பத்து, 18 சதவீதத்துக்குப் பதில் 28 சதவீத ஈரத்தோடு உள்ளே போனால் 15 லீற்றர் கூடுதலாகப் போகிறது! ஈரமானியால் பலட்டையும் பெட்டியின் தரைப் பலகையையும் குத்திப் பாருங்கள். பலட்டில் உள்ள வெப்பப் பதனிட்ட முத்திரை பூச்சியைக் கொன்றதற்குத்தான் சான்று, மரம் காய்ந்திருக்கிறது என்பதற்குச் சான்று ஆகாது.

இன்னொன்று. கொழும்புக் காற்றின் பனிநிலை (காற்றின் ஈரம் நீராகக் கோக்கத் தொடங்கும் வெப்பநிலை) 24 பாகை அளவில் இருக்கும். உங்கள் தேயிலை 18 பாகையில் இறங்கும், உடனே சூடேறாது. பெட்டியை அங்கே சோதனைக்குத் திறந்தால் மூட்டை மேலேயே நீர் கோத்துக்கொள்ளும். திறக்க வேண்டி வந்தால் கூரைக்குக் கீழ் வைத்து, சுருக்கமாகப் பார்த்து, உடனே மூடச் சொல்லுங்கள்.

வெறும் பெட்டி வந்ததும் ஆளை உள்ளே விட்டுக் கதவை மூடுங்கள். வெளிச்சம் புள்ளியாகத் தெரிந்தால் அது ஓட்டை. கதவைப் பத்து நிமிடம் மூடி வைத்துத் திறந்து மணந்து பாருங்கள். மிளகு, தோல், இரசாயன வாடை இருந்தால் திருப்பி அனுப்புங்கள், தேயிலை அதை அப்படியே வாங்கிக்கொள்ளும்.

தலவாக்கலை_ஸ்டோர்

மிக்க நன்றி. சீல் பற்றியும் சொல்லுங்கள். கொழும்பில் சுங்கம் சீலை வெட்டினால் பொறுப்பு யாருக்கு?

வாயில்_கணக்கு

ஐ.எஸ்.ஓ. 17712 தரத்து போல்ட் சீல், உடலில் உயர் பாதுகாப்பைக் குறிக்கும் 'எச்' எழுத்து இருக்க வேண்டும். ஏற்றும் முன் பெட்டியின் உள்நீளத்தை அளவுங்கள். 5.89 மீற்றரைவிட நன்றாகக் குறைந்தால் போலிச் சுவர் இருக்கலாம். கதவுக் கைப்பிடியின் ரிவெட்டையும் பாருங்கள். சீலைத் தொடாமல் ரிவெட்டைக் கழற்றிக் கதவைத் திறப்பது பழைய தந்திரம், புதுப் பெயின்ற் பூசியிருந்தால் சந்தேகப்படுங்கள். வலக் கதவில் சீலைப் பூட்டி, இழுத்து, திருகிப் பார்த்து, இலக்கம் தெரியப் படம் எடுங்கள்.

அந்த இலக்கம் சி.டி.என்.னில் (சரக்கு அனுப்பும் பத்திரத்தில்) உள்ளதோடு ஓர் எழுத்துக்கூட மாறக் கூடாது. 2004 முதல் ஐ.எஸ்.பி.எஸ். (கப்பல், துறைமுகப் பாதுகாப்பு) விதிகளின் கீழ் துறைமுக முனையங்கள் கட்டுப்படுத்தப்பட்ட பகுதி. ட்ரைவருக்கும் உதவியாளுக்கும் அனுமதி இல்லாவிட்டால் வண்டி வெளியேதான் நிற்கும். ஜே.சி.டி., எஸ்.ஏ.ஜி.டி., சி.ஐ.சி.டி. வெவ்வேறு முனையங்கள். கப்பல் எதில் கட்டுகிறது, கடைசி நேரம் எப்போது என்பதை வண்டி புறப்படும் அன்றே மீண்டும் கேளுங்கள், அட்டவணை மாறும்.

சுங்கம் வெட்டினால் வெட்டிய சீலின் இலக்கம், புதிய சீலின் இலக்கம், நேரம், அதிகாரியின் ஒப்பம் நான்கும் எழுத்தில் வேண்டும். வெட்டும் நேரம் வரை உங்கள் சீல் இருந்ததைப் படம் காட்டும், அதற்குப் பிறகு நடப்பது உங்கள் கணக்கில் வராது. புதிய இலக்கத்தை ஏற்றுமதியாளர் கப்பல் பத்திரத்தில் ஏற்றியாக வேண்டும். பழைய இலக்கத்தோடு போய் இறங்கினால், அங்கே வாங்குபவர் பெட்டியைப் பொறுப்பேற்க மறுக்கலாம்.